முதல் தமிழ்ப் பேசும்படமும் முதல் பாரசீகப் பேசும்படமும்

ஈரானியத் திரைப்படம் என்றவுடன் நம் மாணவர்களுக்கு மஜித் மஜிதியின் பெயர் நினைவுக்கு வரலாம். ஆனால் பாரசீக மொழி பேசும்படத்தில் முதன்முதலாக ஒலித்த வரலாறு பம்பாயில் தொடங்குகிறது. தமிழின் வரலாறும் அங்கேதான் தொடங்குகிறது. இரண்டையும் தயாரித்தவர் அர்தேஷிர் இரானி என்னும் ஒருவரே.

1886இல் பூனாவில் பிறந்த இரானி, பம்பாயில் இம்பீரியல் படநிறுவனத்தை நடத்தினார். 1931 மார்ச் 14இல் அவருடைய 'ஆலம் ஆரா' இந்தியாவின் முதல் பேசும்படமாக வெளிவந்தது. படப்பிடிப்பு நிலையத்துக்கு அருகில் இரயில் பாதை இருந்தமையால், வண்டிகளின் ஓசை ஓய்ந்த நள்ளிரவுக்குப் பின்னரே பெரும்பகுதியைப் பதிவு செய்தனர். அதே ஆண்டு அக்டோபர் 31இல் எச். எம். ரெட்டி இயக்கிய 'காளிதாஸ்' சென்னையில் திரையிடப்பட்டது. கதாநாயகி டி. பி. ராஜலட்சுமி தமிழில் பேச, கதாநாயகன் தெலுங்கில் மறுமொழி கூறினார். முதல் தமிழ்ப் படம் என நாம் பெருமையுடன் சொல்லும் படம் உண்மையில் பன்மொழிப் படம். இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. தயாரிப்பாளர் தேடியது தூய மொழியை அன்று, ஒரே படத்துக்கு இரு மொழிகளின் பார்வையாளரை.

1933இல் வெளிவந்த 'தோக்தர்-ஏ லோர்' (லோர் இனப் பெண்) படத்தில் மொழிச் சிக்கல் வேறு வடிவில் எழுந்தது. கதையை எழுதிக் கதாநாயகனாகவும் நடித்தவர் அப்துல் ஹுசைன் செபந்தா. பழைய பாரசீக இலக்கியத்தில் தோய்ந்த அவர் பம்பாயில் தங்கியிருந்தார். திரையில் தோன்ற முன்வரும் பாரசீகப் பெண்கள் அந்நாளில் மிக அரியர். கிடைத்த ரூஹங்கிஸ் சாமினெஜாத் என்னும் பெண்மணியோ கெர்மான் வட்டார வழக்கில் பேசினார். கதைப்படி அவர் மேற்கு ஈரானின் லோர் பெண். மொழியியலாளன் என்ற முறையில் என்னைக் கவர்வது அடுத்து நடந்ததுதான்: அவருடைய உச்சரிப்பைத் திருத்துவதற்கு மாறாகத் திரைக்கதையையே அதற்கேற்பச் சரிசெய்தனர். வகுப்பில் வட்டார வழக்கு எழும்போதெல்லாம் உடனே திருத்த முனையும் ஆசிரியர்கள் இதைச் சற்று எண்ணிப் பார்க்கலாம்.

தெஹ்ரானில் படம் பெருவெற்றி பெற்றது. ஆயினும் நடித்த குற்றத்துக்காக அப்பெண்மணி வசைகளுக்கு ஆளானார். செபந்தா இந்தியாவில் மேலும் சில பாரசீகப் படங்களை எடுத்துவிட்டுத் தாயகம் திரும்பினார். அங்கே அவருக்கு ஆதரவு கிட்டவில்லை. இரானி 1937இல் 'கிசான் கன்யா' என்னும் வண்ணப்படத்தையும் தயாரித்து, 1969இல் மறைந்தார்.

நம் வட்டாரத்திலும் இதற்கொரு நிகர் உண்டு. சிங்கப்பூரில் உருவாகி 1934இல் வெளிவந்த மலாய்ப் பேசும்படம் 'லைலா மஜ்னூன்'. அதை இயக்கியவர் இந்தியாவிலிருந்து வந்த பி. எஸ். ராஜ்ஹான்ஸ்.

லோர் பெண்ணின் கெர்மான் உச்சரிப்பை இன்றும் கேட்க முடிகிறது, அப்படம் எஞ்சியுள்ளது. 'காளிதாஸ்' படச்சுருளோ எஞ்சவில்லை. திரையில் முதலில் ஒலித்த தமிழ் எப்படி இருந்தது என்பதை அக்கால எழுத்துக் குறிப்புகளைக் கொண்டு ஊகிக்கத்தான் வேண்டியிருக்கிறது.