வெர்சேல்ஸ் தோட்டத்தில் ஒரு பிற்பகல்

1901-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 10-ஆம் தேதி பிற்பகலில், பாரிஸ் நகரையடுத்த வெர்சேல்ஸ் அரண்மனையைப் பார்த்துவிட்டு, ராணி மரீ அந்துவானெத் பிரியமாக வசித்த பெத்தி திரியானோன் என்னும் சிறு மாளிகையைத் தேடி நடந்த இரண்டு ஆங்கிலேயப் பெண்மணிகள் வழி தவறிவிட்டார்கள். வழி தவறுவது யாத்திரிகர்களுக்குச் சகஜமே. ஆயினும் அவ்விருவரும் தோட்டத்துப் பாதையோடு தங்கள் நூற்றாண்டையும் தவறவிட்டார்களா என்ற விவாதம் அரை நூற்றாண்டுக்கு மேல் ஓயவில்லை.

ஒருவர், ஆக்ஸ்போர்டில் செயின்ட் ஹியூஸ் என்ற மகளிர் கல்லூரியின் தலைவி ஆன் மோபர்லி. மற்றவர், அவருக்குத் துணைத் தலைவியாக வரவிருந்த எலினர் ஜூர்டேன். பாதிரிமார் குடும்பங்களில் பிறந்து கல்வியிலேயே வாழ்நாளைச் செலவிட்ட இவர்கள் பொய் சொன்னார்கள் என்று நம்புவது எனக்குச் சிரமமாக இருக்கிறது.

பச்சை கலந்த சாம்பல் நிறத்தில் நீண்ட அங்கியும் முக்கோணத் தொப்பியும் தரித்த இருவர் முதலில் வழி காட்டினார்கள். அப்பால் செல்லச் செல்லக் காற்று அசைவற்று நிற்க, மரங்கள் திரைச்சீலையில் நெய்த சித்திரம் போலத் தட்டையாகத் தோன்ற, காரணம் விளங்காத ஒரு துயரம் இருவர் மனத்திலும் கவிந்தது. ஒரு மண்டபத்தருகே அம்மைத் தழும்பேறிய முகத்தோடு உட்கார்ந்திருந்த மனிதனின் பார்வை அவர்களை அருவருப்புறச் செய்தது. எங்கிருந்தோ ஓடிவந்த ஒரு வாலிபன் வேறு பக்கம் போகுமாறு சொன்னான். சிறு பாலமொன்றைக் கடந்து மாளிகையை அணுகியபோது, அகன்ற தொப்பியணிந்து புல்வெளியில் அமர்ந்து ஏதோ வரைந்துகொண்டிருந்த ஒரு சீமாட்டியை மோபர்லி கண்டார்.

ஒரு வாரம் இருவரும் இதைப்பற்றி வாய் திறக்கவில்லை. நவம்பர் மாதத்தில் மறுபடி பேசியபோதுதான், பக்கத்திலேயே நடந்துவந்த ஜூர்டேன் அந்தச் சீமாட்டியைக் காணவே இல்லை என்பது வெளிப்பட்டது. உடனே தனித்தனியே எழுதிவைத்தார்கள். 1904-இல் சேர்ந்து சென்று பார்த்தபோது பழைய பாதையும் பாலமும் அகப்படவில்லை. ஆண்டுக்கணக்காக ஆவணங்களைத் துருவியபின், கண்டவள் ராணியே என்றும், 1792-இல் அதே ஆகஸ்டு 10-ஆம் தேதி, பாரிஸ் நகரத்து அரண்மனை தாக்கப்பட்டுச் சட்டசபையில் அடைக்கலம் புகுந்திருந்த அவளுடைய நினைவுக்குள் தாங்கள் பிரவேசித்துவிட்டதாகவும் அனுமானித்து, 1911-இல் புனைபெயர்களில் ஒரு நூலை வெளியிட்டார்கள்.

நூல் பெரும் பரபரப்பை உண்டாக்கிற்று. ஆன்மிகத் தோற்றங்களை ஆராய்வதற்கென்றே இருந்த சங்கத்தின் சார்பில் அதை மதிப்பிட்ட சிட்ஜ்விக் அம்மையாரோ, உண்மையான மனிதர்களையும் பொருள்களையும் கண்டவர்களின் ஞாபகமே பின்னர் உருமாறியிருக்கலாம் என்றார். காலத்தைப் பற்றித் தமக்கென ஒரு சித்தாந்தம் வகுத்திருந்த ஜே. டபிள்யூ. டன், 1931-ஆம் ஆண்டுப் பதிப்புக்குக் குறிப்பெழுதி ஆதரவளித்தார். 1965-இல் பிலிப் ஜூலியான் என்பவர், ராபெர் த மோந்தெஸ்கியூ என்ற பிரபு அத்தோட்டத்தில் நண்பர்களோடு பழங்கால வேஷம் பூண்டு நடத்திய கேளிக்கையையே அவர்கள் கண்டிருக்கலாம் என்று எழுதினார். இந்த விளக்கத்தை நூலின் உரிமை பெற்றிருந்த ஜோன் எவன்ஸ் அம்மையாரே ஏற்று, மேற்கொண்டு பதிப்புகள் வேண்டாமென நிறுத்திவிட்டார்.

இவற்றையெல்லாம்விட எனக்கு முக்கியமாகத் தோன்றுவது, 1950-இல் சால்ட்டர் என்ற ஆராய்ச்சியாளர் எழுப்பிய, மேலுக்கு உப்புச்சப்பற்றதாகத் தெரியும் தேதிப் பிரச்சினைதான். நவம்பரில் எழுதிய சுருக்கமான குறிப்புகளோடு, விரிவான குறிப்புகளும் அவர்களிடம் இருந்தன. அவையும் ஏறத்தாழ அதே காலத்தில் எழுதப்பட்டவை என்பது அவர்கள் வாதம். ஆராய்ச்சி தொடங்கிப் பல காலம் சென்றபின் எழுதப்பட்டவை என்பது சால்ட்டரின் முடிவு. அவர் கூறுவது சரியானால், ராணியின் சரித்திரத்தை ஊன்றிப் படிக்கப் படிக்க, படித்தது எது, பார்த்தது எது என்ற எல்லை அவர்கள் அறியாமலே அழிந்திருக்க வேண்டும். வஞ்சனையே இல்லாத உள்ளத்தில் இப்படி நேரக்கூடும் என்பது தோட்டத்தில் நடந்ததாகச் சொல்லப்படும் எதையும்விட என்னை அதிகம் கலக்குகிறது. அவ்விருவரின் ஏடுகளும், ஒப்பிட்டுப் பார்க்க விரும்புவோருக்காக, ஆக்ஸ்போர்டின் போட்லியன் நூலகத்தில் இருக்கின்றன.