உஷார்! அந்தக் கம்பி நுனியைத் தடவிப் பார்த்தீர்களா?

ஞாயிற்றுக்கிழமை காலை. வாஷிங் மெஷின் சுழல ஆரம்பித்ததும் உள்ளே 'கரக்... கரக்...' என்று ஒரு சத்தம். யாரோ சட்டைப் பையில் சில்லறையை விட்டுவிட்டார்கள் என்றார் மாமனார். பேரிங் போய்விட்டது, நாலாயிரம் தண்டம் என்றார் கணவர். மறுநாள் மெக்கானிக் பையன் வந்து மெஷினை இழுத்துப் போட்டு, டார்ச் அடித்துப் பார்த்து, குறடால் எதையோ பிடித்து மெதுவாக உருவினான். பிறை நிலா மாதிரி வளைந்த ஒரு கம்பி. ஒரு நுனி கறுத்து, ஊசி போலத் தேய்ந்திருந்தது. ஹாலில் எல்லோரும் இருக்கும்போதே அதைத் தூக்கிப் பிடித்து, "அக்கா, இதுதான்" என்றான்.

மாமனார் சட்டென்று பேப்பரைப் பிரித்துக்கொண்டார். அத்தை அடுப்படிக்குப் போய்விட்டார். அவனுக்கு மட்டும் எந்தக் கூச்சமும் இல்லை. "மாசத்துக்கு நாலஞ்சு வீட்ல இதை எடுக்கறேன்க்கா. டிரம் ஓட்டை வழியா நழுவி, வெளி டப்புக்கும் டிரம்முக்கும் நடுவுல மாட்டிக்கும். உங்க நல்ல நேரம், டப்பைக் கிழிக்கல. கிழிச்சிருந்தா டப்பையே மாத்தணும்."

அந்தக் கம்பி எந்த பிராவிலிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும். மூன்று நாள் முன்பு ஆபீஸில் அக்குள் பக்கம் சுருக்கென்று குத்தியது. பாத்ரூமுக்குப் போய் விரலால் உள்ளே தள்ளிவிட்டு வந்து வேலையைப் பார்த்தேன். சாயங்காலம் மறுபடியும் குத்தியது, மறுபடியும் தள்ளினேன். அப்படியே துவைக்கவும் போட்டுவிட்டேன். இதைப் படிக்கிறவர்களில் பாதிப் பேராவது இதையேதான் செய்கிறீர்கள் என்று பந்தயம் கட்டுவேன். அதனால்தான் இந்த உஷார்!

ஒரு அண்டர்வயர் பிராவைத் திருப்பிப் பாருங்கள். கப்பின் அடிவிளிம்பை ஒட்டி ஒரு துணிப் பட்டி வளைந்து ஓடும். கம்பி அதற்குள் இருக்கிறது. பெரும்பாலும் ஸ்டீல், சிலவற்றில் பிளாஸ்டிக். ஸ்டீல் கம்பியின் இரண்டு நுனியிலும் நைலான் மாதிரி ஒரு பூச்சு, தீக்குச்சி மருந்து போலச் சின்னக் குமிழாக இருக்கும். பட்டியின் இரண்டு முனையையும் நெருக்கமான தையல் போட்டு அடைத்திருப்பார்கள். உள்ளே கம்பி கொஞ்சம் அசைய இடமும் விட்டிருப்பார்கள்.

பிராவைப் போட்டிருக்கும் நேரம் முழுக்க அந்தக் கம்பி வில்லைப் போல விரியப் பார்க்கிறது. நாம் குனிகிறோம், பரணில் இருந்து டப்பாவை எடுக்கிறோம், பஸ்ஸில் மேல்கம்பியைப் பிடித்துத் தொங்குகிறோம். ஒவ்வொரு தடவையும் நுனி போய் அந்த அடைப்புத் தையலை இடிக்கிறது. வியர்வையிலும் சோப்பிலும் அடிபட்டு, நுனிப் பூச்சு ஒரு நாள் உரிந்துவிடும். பிறகு வெறும் ஸ்டீல் விளிம்பு துணியை அறுக்க ஆரம்பிக்கும். ஓட்டை திடீரென்று விழுவதில்லை. முதலில் பட்டியின் முனை வெளுத்து மெலியும், பிறகு நூல் பிசிர் எட்டிப் பார்க்கும். போர் தண்ணீர் உப்பாக இருக்கும் வீடுகளில் கப்பின் ஓரத்தில் பழுப்பாக ஒரு கறையும் வரும். அது டீக் கறை இல்லை, துரு.

குத்தினால் என்ன, கீறல்தானே என்று விட்டுவிட வேண்டாம். மார்பின் அடிமடிப்பு வியர்வை தேங்கும் இடம், காற்றுப் புகாத இடம். அங்கே விழும் கீறல் ஈரத்திலேயே ஊறும். சர்க்கரை உள்ளவர்களுக்கு அது ஆறுவதற்கு நாளாகும். தோலைக் கிழித்து ரத்தம் வந்திருந்தால் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு, கடைசியாக டி.டி. ஊசி எப்போது போட்டோம் என்று யோசித்துப் பாருங்கள், ஞாபகம் இல்லையென்றால் டாக்டரிடம் கேளுங்கள். குத்தவே இல்லை, ஆனால் கம்பியும் ஹூக்கும் படுகிற இடத்தில் மட்டும் சிவந்து அரிக்கிறது என்றால், நிக்கல் ஒவ்வாமையாக இருக்கலாம். கவரிங் தோடு போட்டால் காது புண்ணாகிறவர்கள் இதில் கூடுதல் கவனம். தாய்ப்பால் கொடுப்பவர்கள் இந்தக் கம்பிச் சமாச்சாரத்தையே கொஞ்ச மாதம் தள்ளி வையுங்கள். ஒரே இடத்தில் அழுத்தினால் பால் கட்டிக்கொள்ளும். கட்டி, சிவப்பு, காய்ச்சல் என்று போனால் ஆஸ்பத்திரி வாசல்தான்.

சரி, கம்பி எட்டிப் பார்த்துவிட்டது. என்ன செய்வது?

செய்யக் கூடாததை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அதைத்தான் எல்லோரும் முதலில் செய்வோம். ஊக்கு குத்தி நிறுத்தாதீர்கள். ஒரு கூர்மைக்கு இரண்டு கூர்மை ஆகிவிடும். நொடியில் ஒட்டும் பசையை ஊற்றினால், அது காய்ந்து கல்லாகி அதுவே சுரண்டும். நீட்டிக்கொண்டிருக்கும் நுனியைக் குறடால் வெட்டினால், முன்பு மொண்ணையாகவாவது இருந்தது இப்போது கத்தியாகிவிடும். பிளாஸ்திரி ஒட்டலாம், ஆனால் அது கல்யாண வீட்டில் மாட்டிக்கொண்ட அந்த ஒரு சாயங்காலத்துக்கு மட்டும்.

அடுத்து, அது தைக்கத் தகுந்ததா, தூக்கிப் போடத் தகுந்ததா என்று பாருங்கள். மேஜையில் விரித்துப் போட்டு, பட்டி நெடுகக் கட்டைவிரலால் அழுத்திக்கொண்டே போங்கள். நடுவில் கம்பி மடங்கினாலோ, இரண்டாக ஒடிந்தது போல அசைந்தாலோ கதை முடிந்தது. துருப் பிடித்திருந்தாலும் அப்படித்தான். முதுகுப் பட்டை இழுத்தால் இழுத்தபடியே நிற்கிறதா? அதற்கு ஊசியைத் தொடவே வேண்டாம். செத்த எலாஸ்டிக்குக்கு வைத்தியம் இல்லை.

தேறும் என்றால் கால் மணி நேர வேலை. பிராவைத் துவைத்து நன்றாகக் காய வைத்துவிட்டு, வெளிச்சத்தில் உட்காருங்கள். கம்பியை ஓட்டை வழியாக ஓர் அங்குலம் வெளியே இழுத்து நுனியைப் பாருங்கள். பூச்சு போயிருந்தால் அதற்குத் தொப்பி போடாமல் உள்ளே அனுப்பக் கூடாது. எலெக்ட்ரிக்கல் கடையில் வயருக்குப் போடுகிற ஸ்லீவ் கிடைக்கும், சூடு காட்டினால் சுருங்கிப் பிடித்துக்கொள்ளும் ரகம். கம்பியின் தடிமனுக்கு ஏற்றதாக வாங்கி, அரை அங்குலம் வெட்டி, நுனியைத் தாண்டிக் கொஞ்சம் நீட்டினாற்போல மாட்டி, ஹேர் டிரையரைக் காட்டுங்கள். கப்பின் துணி மேல் சூடு படாமல் பார்த்துக்கொள்ளுங்கள். ஸ்லீவ் கிடைக்காவிட்டால் நெயில் பாலிஷ் மூன்று கோட், ஒவ்வொன்றும் காய்ந்த பிறகு அடுத்தது. அது நாளடைவில் உதிரும், ஆனால் ஒன்றுமில்லாததற்கு அது தேவலை.

பிறகு கம்பியை உள்ளே தள்ளி, ஓட்டையிலிருந்து விலகி நிற்கும்படி பட்டியைத் துணி கிளிப்பால் கவ்வி வையுங்கள். இந்த கிளிப்தான் சூட்சுமம். இல்லாவிட்டால் நீங்கள் தைக்கத் தைக்க அது எட்டி எட்டிப் பார்க்கும். பாலியஸ்டர் நூலை இரட்டையாகக் கோத்து, ஓட்டையின் குறுக்கும் நெடுக்குமாக ஐந்தாறு தையல் போட்டு மூடுங்கள். அத்தோடு நிறுத்தினால் ஒரு மாதம்கூடத் தாங்காது. மேலே ஒரு ஒட்டுத் துணி வேண்டும். அதற்குப் பழைய பிரா ஒன்றின் கம்பிப் பட்டியிலிருந்து வெட்டிய துண்டை விடச் சிறந்தது எதுவுமில்லை. தடிமனாகவும் இருக்கும், தோலில் படும்போது மெத்தென்றும் இருக்கும். கட்டைவிரல் நகத்தைப் போல இரண்டு மடங்கு அளவில் வெட்டி, மூலைகளை வட்டமாக்கி, கவரை மடிப்பது போலப் பட்டியின் முனையின் மேல் மடித்துப் போர்த்துங்கள். சுற்றிலும் காஜா தையல், நெருக்கமாக. முடிச்சு தோல் படும் பக்கம் வரக் கூடாது. எல்லாம் முடிந்ததும் கிளிப்பை எடுத்துவிட்டு, கம்பியை வேண்டுமென்றே அந்த முனை வரை தள்ளி, விரலால் தடவுங்கள். உறுத்தினால் இன்னொரு சுற்று.

டெய்லரிடம் கொடுக்கலாமே என்றால், கொடுக்கலாம், கொடுக்க மாட்டோம். ஜாக்கெட் தைக்கிற அக்காவிடமாவது கூச்சப்படாமல் கேளுங்கள். அவருக்கு இது பத்து நிமிட வேலை. தைக்கவே முடியாது, ஆனால் பிரா நன்றாக இருக்கிறது என்றால் கம்பியை உருவிவிட்டு வீட்டோடு போட்டுக்கொள்ளலாம். உருவினால் இரண்டு பக்கமும் உருவுங்கள். ஒரு பக்கம் கம்பி, ஒரு பக்கம் இல்லை என்று போனால் நாள் முழுக்க ஒரு பக்கமாகவே இழுக்கும்.

இவ்வளவும் வந்த பின் பார்க்கிற வைத்தியம். வராமலே தடுக்க முடியாதா? முடியும், ஆனால் அதற்குக் கூச்சத்தைக் கழற்றி வைக்க வேண்டும். கடைக்குப் போய், பக்கத்தில் நிற்பவருக்குக் கேட்காதபடி "தர்ட்டி ஃபோர்" என்று முணுமுணுத்து வாங்கி வருகிறோம். அந்த 34 கல்யாணத்துக்கு முன்னால் அளந்தது. நடுவில் இரண்டு பிள்ளை பிறந்துவிட்டது. கப் சின்னதானால் கம்பி மார்பின் மேலேயே ஏறி உட்காரும். முதுகுப் பட்டை இறுக்கமானால் கம்பியின் இரண்டு நுனியையும் வெளிப்பக்கமாக இழுக்கும், ஓட்டை விழுவதே அப்படித்தான். சரியான அளவில் நடுப்பகுதி நெஞ்செலும்போடு ஒட்டி நிற்கும், கம்பி விலாவின் மேல் உட்காரும், சதையின் மேல் அல்ல. இரண்டு கையையும் தூக்கினால் இடத்தை விட்டு எழும்பாது. புதுசில் கடைசி ஹூக்கில் போடுங்கள், எலாஸ்டிக் தளரத் தளர உள்ளே வாருங்கள். ஒரே பிராவைத் தினமும் போடாதீர்கள்.

துவைக்கும் கல்லில் அடிப்பதும், புடவையைப் பிழிவது போல முறுக்குவதும் கம்பிக்கு எமன். வாளியில் ஊற வைத்துக் கையால் அலசி, துண்டில் வைத்து ஒற்றி எடுங்கள். மெஷினில்தான் போடுவேன் என்றால் ஹூக்கை மாட்டி, ஜிப் வைத்த வலைப்பைக்குள் வைத்துப் போடுங்கள். வலைப்பை பெரிய விலை இல்லை. ஃபிரண்ட் லோடு மெஷினில் கம்பி கதவு ரப்பரையும் கிழிக்கும், கீழே உள்ள பம்புக்கும் போகும். சத்தம் கேட்டால் உடனே நிறுத்துங்கள். 'இந்த ரவுண்டு முடியட்டும்' என்பதுதான் டப்பை உடைக்கிறது.

காயப்போடும் இடம் இன்னொரு கொடுமை. துண்டுக்கு அடியில், பாவாடைக்குப் பின்னால், பாத்ரூம் கதவின் உள்பக்கம். காற்றே படாத ஈரத்தில் கம்பி துருப் பிடிக்கும், துணியில் பூஞ்சை வரும். அதைப் போட்டுக்கொண்டு படர்தாமரை வந்துவிட்டது என்று களிம்பு தேடுவோம். நல்ல காற்று வரும் நிழலில், வெளியிலேயே போடுங்கள். ஸ்ட்ராப்பில் தொங்கவிடாமல் நடுவில் போடுங்கள். பக்கத்து வீட்டுக்காரர் பார்ப்பாரே என்கிறீர்களா? அவர் வீட்டிலும் காய்கிறது.

பயப்பட வேண்டாத இடத்தில் பயப்படவும் வேண்டாம். கம்பி வைத்த பிரா போட்டால் புற்றுநோய் வரும் என்று வாட்ஸ்அப்பில் சுற்றுகிற பயம், 1995-இல் அமெரிக்காவில் வந்த ஒரு புத்தகத்தால் பரவியது. சியாட்டிலில் உள்ள ஃபிரெட் ஹட்சின்சன் புற்றுநோய் ஆராய்ச்சி மையம் 1,500-க்கும் மேற்பட்ட பெண்களிடம் கேட்டு ஆராய்ந்து 2014-இல் வெளியிட்ட முடிவு, கம்பி இருந்தாலும் இல்லாவிட்டாலும் பிராவுக்கும் மார்பகப் புற்றுநோய்க்கும் சம்பந்தம் இல்லை என்பதுதான். எம்.ஆர்.ஐ. ஸ்கேன் அறைக்குள் போகும்போது மட்டும் கழற்றியே ஆக வேண்டும். அங்கே இருப்பது பெரிய காந்தம்.

இன்று துணி போடும் முன், கப்புக்கு இரண்டு வீதம் நாலு நுனிகளையும் விரலால் ஒரு தடவை தடவிப் பாருங்கள். அப்படியே உங்கள் அம்மாவுடையதையும் அத்தையுடையதையும் பாருங்கள். குத்தினாலும் அவர்கள் வாய் திறந்து சொல்ல மாட்டார்கள்.