முகத்தைத் திருப்பிக்கொள்ளாதீர்கள்!

ஈரானியப் பெண் கவிஞர் எடுத்த 22 நிமிடப் படம்

தொழுநோயால் உருக்குலைந்த தன் முகத்தை ஒரு பெண் கண்ணாடியில் பார்த்துக்கொண்டிருக்கிறாள். கேமரா மெல்ல நெருங்குகிறது. பார்க்கும் நமக்குத்தான் கண்களைத் திருப்பிக்கொள்ளத் தோன்றுகிறது. அந்தக் கூச்சத்தைத்தான் ‘வீடு கறுப்பாக இருக்கிறது’ குறும்படம் கேள்வி கேட்கிறது.

கவிஞர் ஃபொரூக் ஃபரோக்ஸாத் இயக்கிய இந்தப் படம், தப்ரீஸ் நகருக்கு அருகில் உள்ள பாபாபாகி தொழுநோயாளர் குடியிருப்பில் 1962இல் எடுக்கப்பட்டது. 12 நாள் படப்பிடிப்பு. படத்தொகுப்பும் அவரே.

படத்தில் இரண்டு குரல்கள் ஒலிக்கின்றன. ஆண் குரல் மருத்துவம் பேசுகிறது: இது தீர்க்கக்கூடிய நோய், வறுமையோடு சேர்ந்து வருவது. ஃபொரூக்கின் குரலோ மறைநூல் வசனங்களையும் அவரது கவிதையையும் வாசிக்கிறது. இவற்றுக்கு நடுவே ஒருத்தி கண்ணுக்கு மை தீட்டுகிறாள். சிறுவர்கள் பந்து விளையாடுகிறார்கள். ஒருவர் சுவரோரமாக நடந்துகொண்டே இருக்க, ஃபொரூக் கிழமைகளின் பெயர்களை ஒவ்வொன்றாகச் சொல்கிறார். வெளியுலகம் ஒதுக்கிவைத்தவர்களுக்கு நாட்கள் எப்படிக் கழிகின்றன என்பதை விளக்க அவருக்கு வேறு வசனம் தேவைப்படவில்லை.

வகுப்பறைக் காட்சிதான் படத்தின் உயிர். தாய் தந்தையைத் தந்ததற்காகக் கடவுளுக்கு ஏன் நன்றி சொல்ல வேண்டும் என்று ஆசிரியர் கேட்கிறார். தெரியாது, எனக்கு இருவருமே இல்லை என்கிறான் சிறுவன். அசிங்கமான பொருட்களைச் சொல்லச் சொன்னால், இன்னொருவன் கை, கால், தலை என்கிறான். வகுப்பு சிரிக்கிறது. ஊர் தந்த தீர்ப்பை அந்தப் பிள்ளைகள் தங்கள் உடம்பின் மீதே எழுதிக்கொண்டுவிட்டார்கள்.

ஃபொரூக்கும் அப்படிப்பட்ட தீர்ப்புகளுக்கு ஆளானவர்தான். பெண்ணின் ஆசையை வெளிப்படையாக எழுதியதற்காகத் தூற்றப்பட்டார். விவாகரத்துக்குப் பின் பெற்ற மகனைப் பிரிய நேர்ந்தது. இந்தக் குடியிருப்பிலிருந்த ஒரு சிறுவனைத் தன் மகனாக ஏற்று வளர்த்தார். 1963இல் மேற்கு ஜெர்மனியின் ஓபர்ஹவுசன் விழாவில் படம் பரிசு பெற்றது. 1967இல், 32 வயதில், கார் விபத்தில் அவர் இறந்தார்.

தொழுநோயாளர்களை ஒதுக்கிவைப்பது ஏதோ ஈரானின் பழங்கதை அல்ல. தொழுநோயை விவாகரத்துக்குக் காரணமாக ஏற்ற விதி, இந்தியச் சட்டங்களிலிருந்து 2019இல்தான் நீக்கப்பட்டது. கூட்டுமருந்துச் சிகிச்சையால் நோய் குணமாகும் என்று தெரிந்து பல பத்தாண்டுகள் கழித்து! மருத்துவக் கல்லூரிகளும் திரைப்படச் சங்கங்களும் இந்தப் படத்தை அவசியம் திரையிட வேண்டும். பார்த்தவர்கள் கலைந்து போகாமல் உட்கார்ந்து பேச வேண்டும்.