'ரோபோ': சொல்லில் மறைந்த உழைப்பு

'ரோபோ' என்னும் சொல் செக் எழுத்தாளர் காரெல் சாப்பெக்கின் 'ஆர்.யு.ஆர்.' (1920) நாடகத்தின் வழியே உலகில் பரவியது. அதனைப் பரிந்துரைத்தவர் அவர்தம் தமையனார் யோசெப். செக் மொழியில் 'ரொபோட்டா' என்பது நிலக்கிழாருக்குக் குடியானவர் செய்த கட்டாய உழைப்பு. சோழர் கல்வெட்டுகள் கூறும் 'வெட்டி' இதற்கு வியப்பூட்டும் அளவு நெருக்கமானது. நாடகத்து ரோபோக்களோ உலோகப் பொறிகள் அல்ல. செயற்கை உயிர்ப்பொருளால் ஆலையில் ஆக்கி விற்கப்படும் தொழிலாளர். எனவே அவர்கள் கிளர்ந்தெழுந்து மனிதகுலத்தை அழிப்பதைப் பொறியின் கோளாறாகக் கொள்ளவியலாது; அஃது அடிமைகளின் எழுச்சி. அறிவியல் புனைகதையை 'அறிவுசார் அயன்மைப்படுத்தல்' என வரையறுத்த தார்க்கோ சுவினின் 1979ஆம் ஆண்டு நூல்வழி நோக்கின், இங்கு அயன்மைப்படுத்தப்படுவது ஆலை உழைப்பே. தமிழில் வழங்கும் 'இயந்திர மனிதன்', 'எந்திரன்' ஆகியவை பொறியை முன்னிறுத்துகின்றன; உழைப்பாளியை அவை சுட்டுவதில்லை.