காலத்தைச் சுமந்த கறுப்புக் கல்

கல்லுக்கு ஆற்றல் ஏற்றிப் பேசுவது நமது இலக்கியத்துக்குப் புதிதன்று. நினைத்ததைத் தரும் சிந்தாமணி, நிலவில் நீர் கசியும் சந்திரகாந்தக் கல், வெயிலில் தீ உமிழும் சூரியகாந்தக் கல் என்று புலவர்கள் தமக்கெனத் தனிச் சுரங்கமே வைத்திருந்தார்கள். மேலைநாட்டாரும் சளைத்தவர்களல்லர். 1895இல் கால இயந்திரக் கதையை எழுதிய எச்.ஜி. வெல்ஸ், சந்திரனுக்குச் செல்லும் மனிதரைப் பற்றிய 1901ஆம் ஆண்டு நாவலில், புவியீர்ப்பையே தடுத்துவிடும் 'கவோரைற்' என்ற பொருளைக் கற்பனை செய்தார். பிறகு எத்தனையோ கதைகள், திரைப்படங்கள். ஈர்ப்பை அடக்கும் கல், காலத்தை வளைக்கும் கல் என்றெல்லாம் இன்றைய பிள்ளைகள் சரளமாகப் பேசுகிறார்கள். கதைக்குள் இருக்கும்வரை அது அழகுதான். கல் கதையை விட்டு வெளியே வந்து விலை பேசும்போதுதான் வினை.

எல்கடுவவில் எனது அயலிலுள்ள தோட்டத்து மாணவன் ஒருவன், சில காலத்துக்கு முன் கைக்கடங்கிய கறுப்புக் கல் ஒன்றைக் கொண்டுவந்தான். "சேர், இது அரிசிய இழுக்குதாம், கடிகாரத்த நிப்பாட்டுதாம். அப்பா பங்கு சேரப் போறாரு" என்றான். பங்குக்குரிய பணம் தாயின் தோட்டை அடகு வைத்து வரவேண்டியிருந்தது. நான் தமிழ் படித்த பட்டதாரி. பௌதிகம் எனக்குத் தூரத்து உறவு. ஆகவே எங்கள் இந்துக் கல்லூரியின் விஞ்ஞான ஆசிரியரை வீட்டுக்கு அழைத்தேன். சாவி கொடுக்கும் பழைய கைக்கடிகாரம் கல்லருகே நின்றது உண்மை. ஆனால் எங்கள் அரிசிப் பானையிலிருந்து எடுத்த ஒரு பிடியில் ஒரு மணியும் அசையவில்லை. கல், மக்னரைற் என்னும் இயற்கைக் காந்தம். கடிகாரத்தின் மெல்லிய உருக்குச் சுருளைக் காந்தம் பிடித்துக்கொண்டால் முள் நிற்கும், காலம் நிற்காது. அரிசி வித்தைக்கோ முன்கூட்டியே இரும்புத் தூள் பிசைந்த அரிசி வேண்டும். தமிழ்நாட்டில் 'இரிடியம்' என்றும் 'ரைஸ் புல்லிங்' என்றும் பெயர் சூட்டி இதே வித்தையால் பணம் பறித்தவர்கள்மீது எத்தனையோ வழக்குகள். இங்கே தோடு காதிலேயே இருந்தது.

பையன் விடவில்லை. "அப்ப காலத்த வளைக்கிற கல் உலகத்திலேயே இல்லையா சேர்?"

விஞ்ஞான ஆசிரியரின் விடை என்னையே திகைக்க வைத்தது. ஒரு வகையில் எல்லாக் கல்லும் வளைக்கிறதாம். திணிவுள்ள எதன் அருகிலும் காலம் சற்று மெதுவாகவே ஓடும் என்பது ஐன்ஸ்டைன் 1915இல் முழுமைப்படுத்திய கொள்கை. 1960இல் பவுண்ட், ரெப்கா என்னும் இருவர் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் 22.5 மீற்றர் உயரத்துக்குள்ளேயே இதை அளந்து காட்டினர். ஆனால் அளவைப் பாருங்கள். ஆயிரம் மீற்றர் உயரத்தில் உள்ள கடிகாரம், தரைமட்டத்துக் கடிகாரத்தை ஓராண்டில் முந்துவது ஒரு செக்கனில் மூன்று இலட்சத்தில் ஒரு பங்களவே. அதற்கே முழுப் பூமியின் திணிவும் வேண்டியிருக்கிறது. மேட்டு லயத்தில் இருப்பவர் பள்ளத்து லயத்துக்காரரைவிட அணுவளவு விரைவாக மூப்படைகிறார் என்று சொல்லிச் சிரித்தோம். கையிலடங்கும் கல்லால் அந்த அணுவளவும் ஆகாது.

காலத்தை வளைக்கும் கல் இல்லை. ஆனால் காலத்தைச் சேமித்து வைத்த கல் இந்நாட்டில் உண்டு. அதன் கதையில் வருபவர் நம் இலக்கிய மேடைகளில் அடிக்கடி கேட்கும் பெயர்: கலாயோகி ஆனந்த குமாரசுவாமி.

அரிச்சந்திர நாடகத்தை 1863இல் ஆங்கிலமாக்கிய முத்துக் குமாரசுவாமியின் மகன் அவர். 1877இல் கொழும்பில் பிறந்தவர். இலண்டனில் படித்தது கலையையன்று, புவிச்சரிதவியலையும் தாவரவியலையும். 1903 முதல் 1906 வரை இலங்கையின் கனிப்பொருள் ஆய்வுக்கு முதற் பணிப்பாளர். 1904இல், பலாங்கொடைப் பக்கத்தில் மாணிக்கம் அரித்த மண்ணில் ஹொலண்ட் என்பவர் கண்ட கறுப்பு மணிகள் அவர் கைக்கு வந்தன. சிறு சதுரக் கட்டிகள், இரும்பிலும் கனமானவை. அந்தக் கனமே அவற்றைக் காட்டிக்கொடுத்தது. கூடையைச் சுழற்றி அரிக்கும்போது இலேசான மணல் நீரோடு போய்விடும்; கனமானது அடியில் தங்கும். ஈர்ப்பு இக்கதையில் செய்த வேலை அவ்வளவே. குமாரசுவாமி அதை யுரேனினைற் என்று கருதினார். இலண்டனில் ஆராய்ந்த டன்ஸ்டன்தான் புதிய கனிப்பொருள் எனக் கண்டு 'தோரியனைற்' என்று பெயரிட்டார். 'குமாரசுவாமி தனியே கண்டுபிடித்தார்' என்று நினைவுவிழாக்களில் முழங்குகிறோமே, அது அவருக்கே உவப்பாயிராது.

இக்கல்லில் பெரும்பகுதி தோரியம், கூடவே யுரேனியம். இரண்டும் கதிர்த்தொழிற்பாடு உடையவை. தோரிய அணு சிதைந்து சிதைந்து ஈயமாகும் வழியில் ஆறு ஈலிய அணுக்களை விடுகிறது. ஈலியம் கல்லுக்குள்ளேயே சிறைப்படுகிறது. சொட்டுச் சொட்டாக நிரம்பும் பாத்திரத்தைப் போல, சேர்ந்த அளவையும் சேரும் வேகத்தையும் அறிந்தால் வயது தெரியும். 1905இல் ராம்சேயின் இலண்டன் ஆய்வுகூடத்தில், பிற்காலத்தில் அணுப்பிளவைக் கண்ட ஓட்டோ ஹான், இலங்கைத் தோரியனைற்றிலிருந்தே 'றேடியோதோரியம்' என்ற பொருளைப் பிரித்தார். 1910ஆம் ஆண்டளவில் ஸ்ட்ரட் என்பவர் இக்கல்லில் ஈலியம் ஊறும் வேகத்தையே அளந்தார். குறைந்தது 28 கோடி ஆண்டு என்று விடை வந்தது. பூமிக்கே 2 முதல் 4 கோடி ஆண்டுதான் என்று கெல்வின் பிரபு 1897இல் அடித்துச் சொல்லியிருந்தார்! ஈலியம் கசிந்துவிடும் என்பதால் ஸ்ட்ரட்டின் கணக்கும் குறைவே. மலைநாட்டுப் பாறைகள் வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருமாறியது ஏறத்தாழ 55 கோடி ஆண்டுகளுக்கு முன் என்று இன்று அறிகிறோம். தோரியத்தில் பாதி சிதைய 1,400 கோடி ஆண்டு வேண்டும். இப்பிரபஞ்சத்தின் வயதே 1,380 கோடிதான். யுகக் கணக்கில் பழகிய நமக்கு இவ்வெண்கள் அச்சம் தரா. ஐரோப்பாவை அவை உலுக்கின.

கல் தேடிக் கிராமம் கிராமமாக அலைந்தபோதுதான் குமாரசுவாமி கைவினைஞர்களைக் கண்டார். அந்த அலைச்சலின் விளைவே 1908இல் வந்த மத்தியகாலச் சிங்களக் கலை பற்றிய பெருநூல். 'சிவ நடனம்' 1918இல் வந்தது. 1947இல் அவர் மறைந்த ஆண்டிலேயே வெளியானது 'காலமும் நித்தியமும்'. நாம் மாணவருக்குப் பின்னைய குமாரசுவாமியை மட்டும் காட்டுகிறோம். உயர்தர வகுப்பில் கலைப்பிரிவார் அவரைக் கலைஞராகப் படிக்க, விஞ்ஞானப் பிரிவார் பெயரே கேளாமல் போகிறார்கள். எந்தச் சிற்பத்தையும் அளந்து, வகுத்து, பிறகே வியக்கும் அவரது உரைநடைப் பழக்கம் பாறையிலிருந்து வந்தது என்பதே என் எண்ணம்.

தோரியனைற்றைவிட அரிய இன்னொன்றிலும் அவர் பெயருண்டு. எங்கள் மலைகளுக்குத் தெற்கே, கண்டி மாவட்டத்து அம்பகோட்டேக்கு அருகிலுள்ள கங்காபிட்டியவில், சுண்ணக்கல் வேறு பாறையைச் சந்திக்கும் விளிம்பில் கிடைத்த நீல மணிகளை பிரயர் என்பவரும் அவரும் 1903இல் விவரித்தார்கள். அராபியர் இலங்கையை அழைத்த செரண்டிப் என்ற பெயரால் அது 'செரண்டிபைற்' ஆயிற்று. அது காலத்தையும் வளைக்காது, அரிசியையும் இழுக்காது. ஆயினும் உலகின் மிக அரிய இரத்தினங்களுள் ஒன்று.