டெனாலி என்னும் பனிமலை

கிருஷ்ணன்கோவிலில் நின்று மேற்கே நோக்கினால் மேற்குத் தொடர்ச்சி மலை நீலச் சுவராய் எழுந்து நிற்பதைக் காணலாம். அங்கிருந்து வத்திராயிருப்பு வழியாகத் தாணிப்பாறையை அடைந்து, சதுரகிரிக்குக் கால்நடையாய் ஏறுவோர் பலர். அம்மலையில் காடும் பாறையும் ஓடையும் உண்டு. பனிக்கட்டி மட்டும் இல்லை. ஆயினும், இதே விருதுநகர் மாவட்டத்தின் ஜோகில்பட்டியைச் சேர்ந்த முத்தமிழ்ச்செல்வி, 2023 மே மாதத்தில் எவரெஸ்ட் சிகரத்தை அடைந்தார். அச்சிகரத்தை எட்டிய முதல் தமிழ்நாட்டுப் பெண் அவரே. தொடர்ந்து ஏழு கண்டங்களின் உயர்ந்த சிகரங்களையும் ஏறி முடித்தார். அவற்றுள் வட அமெரிக்காவின் சிகரம் டெனாலி.

உயர்ந்து நிற்பது

அலாஸ்காவில், ஆர்க்டிக் வட்டத்திற்குச் சற்றுத் தெற்கே அமைந்துள்ள டெனாலியின் உயரம் 6,190 மீட்டர். அங்கு வாழும் தொல்குடியினரின் மொழியில் ‘உயர்ந்து நிற்பது’ என்பது இப்பெயரின் பொருள். அமெரிக்க அரசு இதனை மெக்கின்லி என்றும் வழங்கியுள்ளது. 1913 ஜூன் 7 அன்று நால்வர் குழு ஒன்று இதன் உச்சியை முதன்முதலில் அடைந்தது. அக்குழுவில் முதலில் அடிவைத்தவர் அலாஸ்காவின் தொல்குடி மரபில் வந்த வால்டர் ஹார்ப்பர் என்னும் இளைஞர்.

நகரும் பனி

ஆண்டுதோறும் பெய்யும் பனி முழுவதும் உருகாமல் அடுக்கடுக்காய்ச் சேர்ந்து, தன் எடையாலேயே இறுகிப் பனிக்கட்டியாகிறது. அது சரிவில் மெல்ல நகரும்போது பனியாறு எனப்படுகிறது. டெனாலியில் தோன்றும் கஹில்ட்னா பனியாற்றின் நீளம் ஏறத்தாழ 70 கிலோமீட்டர். மேடுபள்ளங்களைக் கடக்கையில் பனியாற்றின் மேற்பரப்பு வெடித்து ஆழமான பிளவுகள் உண்டாகின்றன. புதுப்பனி அவற்றின்மேல் மெல்லிய பாலம்போல் படிந்து மறைத்துவிடும். ஆகவே, ஏறுவோர் ஒரே கயிற்றில் தம்மைப் பிணைத்துக்கொண்டு இடைவெளிவிட்டு நடக்கின்றனர். ஒருவர் பிளவில் விழுந்தால் மற்றவர் தாங்குவர். அந்தக் கயிறே அவர்களின் உயிர்.

ஏறுவோரும் சறுக்குவோரும்

சிறு விமானம் பனியாற்றின்மீதே இறங்கி ஏறுவோரை விட்டுச்செல்கிறது. அங்கிருந்து உச்சிவரை ஏறத்தாழ 4,000 மீட்டர் ஏற்றம். சுமைகூலிகள் இல்லை, உணவையும் கூடாரத்தையும் தாமே சுமந்தும் சறுக்குவண்டியில் வைத்து இழுத்தும் செல்ல வேண்டும். சுமையின் ஒரு பகுதியை மேலே வைத்துவிட்டு, கீழே இறங்கி உறங்குவர். குறைந்த உயிர்வளிக்கு உடல் பழக இம்முறை உதவுகிறது. இப்பயணத்திற்கு இரண்டு முதல் மூன்று வாரங்கள் ஆகும். ஜூன் மாதத்தில் அங்கு நள்ளிரவிலும் முழு இருள் சூழ்வதில்லை. மங்கிய பொன்னொளியில் பனிச்சிகரங்கள் தோன்றும் காட்சி, பட்ட களைப்பை மறக்கச் செய்யும்.

பனிச்சறுக்கு வீரரையும் இம்மலை ஈர்க்கிறது. நீண்ட சறுக்குக்கட்டைகள் உடலின் எடையைப் பரவச் செய்வதால் கால்கள் மென்பனியில் எளிதில் புதைவதில்லை. 1972இல் சில்வாங் சோதாங் என்பவர் டெனாலியின் செங்குத்தான முகப்பில் சறுக்கி இறங்கினார். இன்றும் பலர் நாள்கணக்கில் ஏறிய சரிவைச் சில மணி நேரத்தில் சறுக்கிக் கடக்க விழைகின்றனர். ஆனால், இறுகிய பனியில் ஒருமுறை தடுமாறினாலும் நிற்பதற்கு இடமிராது.

திரும்பும் துணிவு

ஜப்பானிய வீரர் நவோமி உவேமுரா, 1970இல் டெனாலியைத் தனியாக ஏறிய முதல் மனிதர். 1984 பிப்ரவரியில், கடுங்குளிர்காலத்தில், மீண்டும் தனியாக உச்சியைத் தொட்டார். இறங்கும் வழியில் மறைந்துபோன அவரது உடலும் கிடைக்கவில்லை. பெரும் அனுபவமும் காற்றையும் குளிரையும் வென்றுவிடாது என்பதற்கு அவர் வாழ்வு சான்று.

டெனாலிக்குச் செல்வோரில் ஏறத்தாழப் பாதிப்பேர் உச்சியை அடையாமலே திரும்புகின்றனர். வானிலை மாறும்போதும் உடல் தளரும்போதும் திரும்பிவிட முடிவெடுப்பது தோல்வியன்று. அதுவும் மலையேற்றப் பயிற்சியின் ஒரு பகுதியே. உச்சியில் நிற்பவர் பாதி வழியே வந்திருக்கிறார். எஞ்சிய பாதி, வீட்டுக்குத் திரும்பும் வழியாகும்.