திருமண ஆடையும் திருத்தத் தையலும்

திருமணச் செலவுகளைப் பட்டியலிடும் குடும்பத்தார் மண்டபம், உணவு, நகை, புடவை ஆகியவற்றை முதலில் எழுதுவர். தைத்த ஆடையைப் பிரித்து அளவைச் சரிசெய்யும் செலவு அப்பட்டியலில் பெரும்பாலும் இடம்பெறுவதில்லை. திருமண நாள் நெருங்கும்போதுதான் இரவிக்கை இறுக்கமாக இருப்பதும் கோட்டின் கை நீண்டிருப்பதும் தெரியவரும். அந்நேரத்தில் தையற்கலைஞர் கேட்கும் கூலியைக் கொடுப்பதைத் தவிர வேறு வழி இருக்காது. கடைகளில் ‘ஆல்ட்ரேஷன்’ எனப்படும் இத்திருத்தத் தையலுக்கு ஆகும் செலவை முன்கூட்டியே திட்டமிட்டுக் குறைக்க இயலும்.

தைக்காத ஆடையும் தைத்த ஆடையும்

புடவை தைக்கப்படாத ஆடை. ஆகவே, அஃது எவ்வுடலுக்கும் பொருந்தும். தாய் உடுத்திய கூறைப்புடவையை மகளும் உடுத்தலாம். மராட்டியரின் நவ்வாரியும் தமிழரில் சிலர் உடுத்தும் மடிசாரும் ஒன்பது கஜப் புடவைகளே. ஒன்பது கஜம் என்பது ஏறத்தாழ 8.2 மீட்டர். இவ்விரண்டையும் ஊசியும் நூலும் இன்றியே கட்டிவிடலாம். இன்று புனேக் கடைகளில் தைத்து முடித்த நவ்வாரியும் கிடைக்கிறது. உடுத்துவதற்கு எளிது என்றாலும் அதற்கு இடுப்பளவு பார்க்க வேண்டும். பொருந்தாவிடில் திருத்தவும் வேண்டும்.

புடவைக்கு வழக்கமாக ஆகும் தையற்செலவு ஓரம் தைத்தலும் ஃபால்ஸ் வைத்தலும் மட்டுமே. புனேயின் தையற்கடைப் பலகைகளில் ‘ஃபால்-பிகோ’ என்று எழுதியிருப்பது இதனையே குறிக்கும். திருத்தச் செலவு பெரும்பாலும் இரவிக்கையினாலும் மணமகனின் கோட்டு, ஷெர்வானி போன்ற ஆடைகளினாலும் ஏற்படுகிறது.

ஒரே ஒரு துண்டு

பட்டுப்புடவையுடன் சேர்த்தே இரவிக்கைத் துணியும் நெய்யப்படுவது வழக்கம். அதன் நீளம் ஏறத்தாழ 80 சென்டிமீட்டர். அதே நிறமும் அதே சரிகைக் கரையும் உடைய வேறொரு துண்டு கடையில் கிடைப்பது அரிது. வெட்டுவதில் பிழை நேர்ந்தால் ஈடுசெய்யத் துணி இல்லை. மேலும், பட்டில் ஊசி சென்ற இடத்தில் துளை தெரியும். பழைய தையலைப் பிரித்தால் அதன் தடம் வரிசையாக நிற்கும். எனவே, பட்டு இரவிக்கையை அடிக்கடி பிரித்துத் தைப்பது நன்றன்று.

எல்லாத் திருத்தங்களும் ஒரே அளவு உழைப்பைக் கேட்பதில்லை. பக்கத்தையலைப் பிடித்து இறுக்குவது எளிது. கையின் நீளத்தைக் குறைப்பதும் எளிது. தோளைக் குறுக்க வேண்டுமானால் கையைக் கழற்றி மீண்டும் பொருத்த வேண்டும். அதற்கு நேரமும் கூலியும் மிகும். ஆழமாக வெட்டிய கழுத்தைச் சிறிதாக்குவது ஏறக்குறைய இயலாது. ஆயத்த ஆடை வாங்குவோரும் இதனை நினைவில் கொள்ளுதல் நலம். தோள் பொருந்தும் கோட்டைத் தேர்ந்தெடுத்தால் கை நீளத்தையும் இடுப்பையும் குறைந்த செலவில் திருத்தலாம்.

விளிம்புக் கணக்கு

திருத்தச் செலவு, துணியை வெட்டும் நாளிலேயே பெருமளவு முடிவாகிவிடுகிறது. தையலுக்கு உட்புறம் எவ்வளவு துணி விடப்பட்டுள்ளது என்பதே அதற்குக் காரணம்.

இரவிக்கையில் பக்கத்தையல்கள் இரண்டு. ஒவ்வொரு தையலிலும் முன்துணியின் விளிம்பு ஒன்று, பின்துணியின் விளிம்பு ஒன்று என இரண்டு விளிம்புகள் உள்ளன. ஆக மொத்தம் நான்கு விளிம்புகள். ஒவ்வொரு விளிம்பிலும் 1 அங்குலம் துணி விட்டுத் தைத்திருந்தால், பின்னர் அதில் அரை அங்குலத்தை விடுவிக்கலாம். அப்போது சுற்றளவு 4 × ½ = 2 அங்குலம் கூடும். கால் அங்குலமே விட்டிருந்தால் விடுவிக்க ஒன்றும் இராது; புதுத்துண்டு இணைக்க வேண்டிவரும்.

இவ்வறிவு தமிழ் இல்லங்களுக்குப் புதிதன்று. சிறுமியரின் பட்டுப்பாவாடையில் கீழ்ப்புறம் மடிப்பு வைத்துத் தைப்பர். சிறுமி உயரமாக வளர வளர அம்மடிப்புகளை ஒவ்வொன்றாகப் பிரித்து நீளத்தைக் கூட்டுவர். ஒரே பாவாடை பல பொங்கல்களுக்கு உடுத்தும் ஆடையாக அமையும்.

இரவிக்கையில் ஆரி வேலைப்பாடு செய்வோர் மற்றொன்றையும் கவனிக்க வேண்டும். இவ்வேலைப்பாடு துணியைத் தைப்பதற்கு முன்னரே செய்யப்படுகிறது. பக்கத்தையல் வரை மணியும் கல்லும் பதித்துவிட்டால் அங்கே பிரிக்கவும் இயலாது, பிடிக்கவும் இயலாது. ஆகவே, பக்கங்களில் சிறிது இடத்தை வெறுமையாக விடச் சொல்லுதல் வேண்டும்.

முன்கூட்டிச் செய்ய வேண்டியவை

முதலாவது, நன்கு பொருந்தும் பழைய இரவிக்கை ஒன்றை அளவுக்குக் கொடுத்தல். அப்படி ஒன்று இல்லாவிடில், விலை குறைந்த பருத்தித்துணியில் மாதிரி இரவிக்கை தைத்துப் பார்க்கலாம். பிழை இருந்தால் அது பருத்தியிலேயே வெளிப்படும், பட்டு தப்பும்.

இரண்டாவது, உள்துணியை நீரில் நனைத்து உலர்த்திய பின்னர் வெட்டச் செய்தல். நனைக்காத பருத்தி உள்துணி முதல் சலவையில் சுருங்கி மேல்துணியையும் இழுக்கும்.

மூன்றாவது, வெட்டிய பின் எஞ்சும் துண்டுகளைக் கேட்டு வாங்கி வைத்தல். பின்னாளில் அக்குளில் ஒரு துண்டு சேர்க்க நேர்ந்தால் அவை உதவும்.

நான்காவது, காலத்தைத் திட்டமிடுதல். திருமணத்திற்கு மூன்று வாரங்களுக்கு முன் ஆடையை உடுத்திப் பார்த்தால் திருத்துவதற்கு நாள் கிடைக்கும். கடைசி நாளில் கொடுத்தால் அவசரக் கூலி சேரும்.

எடுத்துக்காட்டாக, ஒரு முறை திருத்த 150 ரூபாய் எனவும் மாதிரி இரவிக்கைக்கு 250 ரூபாய் எனவும் கொள்வோம். மூன்று முறை திருத்தினால் 450 ரூபாய் ஆகும். மாதிரி ஒன்றைத் தைத்து, ஒரே ஒரு திருத்தத்துடன் முடித்தால் 400 ரூபாய். மீதமாகும் தொகை சிறிதே. ஆனால் பட்டு மும்முறை துளைபடாமல் காக்கப்படுகிறது.

இரு ஊர்களும் இரு மொழிகளும்

புனேயில் வாழும் தமிழ்க் குடும்பங்களுக்கு மேலும் ஓர் இடர் உண்டு. சிலர் தமிழ்நாட்டில் புடவை வாங்கி, அங்கேயே இரவிக்கையும் தைக்கக் கொடுத்துத் திரும்புவர். உடுத்திப் பார்க்க வேண்டிய மணமகள் புனேயில் இருப்பாள். தையற்கலைஞர் ஆயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் இருப்பார். அளவில் பிழை நேர்ந்தால் புனேயில் வேறொருவரைத் தேட வேண்டிவரும். ஆகவே, உடுத்திப் பார்க்க இயலும் ஊரிலேயே தைப்பது சிக்கனமானது. இலட்சுமி சாலையின் புடவைக் கடைகளும், கொக்கி, சரிகைப்பட்டி, நூல் போன்றவை கிடைக்கும் துளசிபாக், ரவிவார் பேட்டைக் கடைகளும் அருகருகே உள்ளன.

மராட்டி பேசும் தையற்கலைஞரிடம் தேவையைத் தெளிவாகச் சொல்லவும் வேண்டும். ‘இறுக்கம்’ என்பதற்கும் ‘தளர்வு’ என்பதற்கும் உரிய சொல் தெரியாமற்போனால், இறுக்க வேண்டிய தையல் பிரிக்கப்படலாம். இங்கே பெரியோருக்கு உதவ வல்லவர்கள், பள்ளியில் மராட்டியும் கற்கும் பிள்ளைகளே.

பிற நாட்டில்

இரண்டாம் உலகப்போரின்போது பிரிட்டனில் 1941 ஜூன் முதல் ஆடைகளுக்குப் பங்கீட்டுமுறை நடைமுறைக்கு வந்தது. பணம் இருந்தாலும் சீட்டு இன்றிப் புதிய ஆடை வாங்க இயலவில்லை. எனவே, மணப்பெண்கள் பலர் தாயின் ஆடையையோ தோழியின் ஆடையையோ திருத்தி உடுத்தினர். போர் முடிந்த பின், 1947இல் மணம்புரிந்த இளவரசி எலிசபெத்தும் சீட்டுகளைக் கொண்டே ஆடைத்துணி பெற்றார். அம்முறை 1949இல் நீங்கியது.

திருத்தத் தையல் இழிவானதன்று. உடல் மாறும் இயல்புடையது. ஆடை அதற்கு இடம் தர வேண்டும். தையலுக்குள் விட்ட ஓர் அங்குலத் துணியும், திருமணத்திற்கு முன் விட்ட மூன்று வார காலமும் இருந்தால், இச்செலவு குடும்பத்தின் கைக்குள் அடங்கும்.

சொல் அறிவோம்

தமிழ் – மராட்டி
அளவு – மாப்
கை – பாஹி
கழுத்து – களா
உள்துணி – அஸ்தர்
தளர்வு – சைல்
இறுக்கம் – கட்ட
தையற்கூலி – ஷிலாயி

பயிற்சி

1. புடவைக்குத் திருத்தத் தையல் தேவைப்படாதது ஏன்?
2. நான்கு விளிம்புகளிலும் முக்கால் அங்குலம் விடுவித்தால் சுற்றளவு எத்தனை அங்குலம் கூடும்?
3. ஆரி வேலைப்பாடு செய்யும்போது பக்கங்களில் இடம் விட வேண்டியதன் காரணத்தை எழுதுக.
4. உங்கள் வீட்டில் மாற்றித் தைத்துப் பயன்படுத்திய ஆடை ஒன்றைப் பற்றிப் பெரியோரிடம் கேட்டு ஐந்து தொடர்களில் எழுதுக.